அந்த ஜன்னலைத் திறந்து வையுங்கள்

போன வாரம் நான்கு வயதுக் குழந்தை ஒன்றைத் தூக்கி வந்தார்கள். பல நாட்களாகக் காய்ச்சல், எடையும் இறங்கியிருந்தது. எக்ஸ்ரேயைப் பார்த்ததுமே எனக்கு வயிற்றைப் பிசைந்தது. அம்மாவுக்கு டிபி என்று கண்டுபிடித்து மூன்று வாரம்கூட ஆகவில்லை. அதற்கு முன் இரண்டு மாதம் வீட்டுக்குள்ளேயே இருமியிருக்கிறார்.

"நாத்தனாருக்கு வரன் பாக்குறோம் டாக்டர். இருமல் சத்தம் பக்கத்துல கேட்டுடும்னு ஜன்னலைச் சாத்தி வெச்சிட்டோம்" என்றார். எங்கள் களப்பணியாளர் நேரில் போய்ப் பார்த்தார். சின்ன அறை, ஒரே ஜன்னல். கண்ணாடியில் செய்தித்தாள் ஒட்டி, இடுக்கில் பழைய புடவையைக் கிழித்து அடைத்திருந்தார்கள். இந்த வருடம் இப்படி எத்தனை வீடுகள்!

"திறந்தால் கிருமி தெருவுக்கே பரவாதா?" என்று படித்தவர்களும் கேட்கிறார்கள். பரவாது. வெளியே போன கிருமி காற்றில் கலைந்துவிடும், வெயில் பட்டால் செத்துவிடும். சாத்திய அறையிலோ மணிக்கணக்கில் மிதக்கும். அதைத்தான் உங்கள் குழந்தை மூச்சாக இழுக்கிறது. ஸ்பிளிட் ஏசி அறைக்குள் இருக்கும் காற்றையேதான் சுற்றிவிடுகிறது. ஃபேனும் அப்படித்தான். குளிர்காற்று பட்டு டிபி வராது, கிருமியால்தான் வரும். இது 1882-லேயே தெரிந்த விஷயம்.

நோயாளியை ஒளித்து வைக்கவும் வேண்டாம். 1950-களின் கடைசியில் நம் சென்னை சேத்துப்பட்டில் நடந்த ஆய்வுதான், சானடோரியத்தில், அதாவது டிபி நோயாளிகளுக்கான தனி மருத்துவமனையில், படுக்க வைக்காமல் வீட்டிலிருந்தே மாத்திரையால் குணப்படுத்தலாம் என்று உலகத்துக்குக் காட்டியது. மாத்திரையை ஒழுங்காகப் போட்டால் தொற்றும் தன்மை சீக்கிரமே குறைந்துவிடும்.

இரண்டு வாரம் இருமினால் சளிப் பரிசோதனைக்கு வாருங்கள். அரசு மருத்துவமனையில் இலவசம். இருமும்போது வாயைத் துணியால் மூடுங்கள். தட்டையும் டம்ளரையும் தனியாக வைப்பதில் காட்டும் அக்கறையை ஜன்னலில் காட்டுங்கள். வீட்டில் ஒருவருக்கு வந்தால் எல்லோரையும் அழைத்து வாருங்கள், முக்கியமாகக் குழந்தைகளை. நோய் இல்லாதவர்களுக்கும் தடுப்பு மாத்திரை உண்டு. இரண்டாம் மாதம் உடம்பு தேறியதும் மருந்தை நிறுத்துபவர்களிடம் எனக்குக் கோபம்தான் வருகிறது. ஆறு மாதம் என்றால் ஆறு மாதம். சத்துணவுக்காக மாதம் 1,000 ரூபாய் வங்கிக் கணக்கிலேயே வருகிறது.

அக்கம்பக்கத்துப் பார்வைதான் பயம் என்றால் எனக்குப் புரிகிறது அம்மா. ஜன்னலின் கீழ்ப்பாதிக்கு மெல்லிய பருத்தித் துணியில் திரை போடுங்கள். மேல்பாதியை மட்டுமாவது திறந்து விடுங்கள். எதிரே கதவோ இன்னொரு ஜன்னலோ இருந்தால் அதையும்.

குழந்தைக்கு மருந்து தொடங்கியாகிவிட்டது. அடுத்த முறை வரும்போது அந்த ஜன்னலை செல்போனில் படம் எடுத்து வரச் சொல்லியிருக்கிறேன்.