லைகாந்த்ரோபி: ஓநாயாக்கும் சாபத்துக்குத் தமிழில் என்ன சொல்?

லைகாந்த்ரோபி என்ற சொல் வந்தால் நம் மொழிபெயர்ப்பாளர்கள் பெரும்பாலும் 'ஓநாய் மனிதன்' என்று எழுதிவிட்டு அடுத்த வரிக்குப் போய்விடுகிறார்கள். ஓநாய் மனிதன் என்பது ஆளின் பெயர். லைகாந்த்ரோபி என்பது அந்த ஆளுக்கு நேர்ந்த கேட்டின் பெயர். அந்தக் கேடு உடலைப் பிடித்ததா, மனத்தைப் பிடித்ததா, இரண்டையுமா என்பதைப் பொறுத்து அதன் பொருள் மூன்றாகப் பிரிகிறது. பழங்கதை, மருத்துவக் கட்டுரை, கணினி விளையாட்டு மூன்றுக்கும் ஒரே தமிழ்ச் சொல்லைப் போட்டால் ஏதாவது ஓரிடத்தில் பொருள் கெடும்.

வேரிலிருந்து தொடங்கலாம். கிரேக்கத்தில் லூகோஸ் என்றால் ஓநாய், ஆந்த்ரோபோஸ் என்றால் மனிதன். இரண்டும் சேர்ந்து லூகாந்த்ரோபியா ஆகி, லத்தீன் வழியாக ஐரோப்பிய மொழிகளுக்குள் வந்தது. லூகோஸுக்கும் சமஸ்கிருத விருகத்துக்கும் இந்தோ-ஐரோப்பிய வேர் ஒன்றே. பீமனுக்கு விருகோதரன் என்ற பெயர் உண்டு: ஓநாயின் வயிறு உடையவன், எவ்வளவு தின்றாலும் பசி அடங்காதவன். ஆங்கில 'வேர்வுல்ஃப்' வேறு வழியில் பிறந்த சொல். பழைய ஆங்கிலத்தில் 'வேர்' என்றால் ஆண்மகன். லத்தீன் 'விர்', சமஸ்கிருத 'வீர' இரண்டும் அதன் உறவுகள். 'வுல்ஃப்' விருகத்தின் உறவு. ஆக, வீரன், விருகோதரன் என்று நாம் அறிந்த இரண்டு பெயர்களுக்குள் வேர்வுல்ஃப் முழுவதும் அடங்கிவிடுகிறது.

பலரும் அறிந்த பழங்கதை லூகாயோன் என்ற மன்னனுடையது; கிரேக்கத்தின் அர்க்காடியப் பகுதியை ஆண்டவன். விருந்தாக வந்த தெய்வத்தைச் சோதிக்க மனித மாமிசத்தைச் சமைத்து வைத்தான்; ஓநாயானான். ரோமக் கவிஞர் ஓவிட் அந்த மாற்றத்தை நுணுக்கமாகக் காட்டுகிறார். பேச வாயெடுக்கிறான், ஊளைதான் வருகிறது. உடை ரோமமாகிறது, கைகள் கால்களாகின்றன. நரைத்த நிறமும் முகத்தின் கொடுமையும் கண்ணின் ஒளியும் மட்டும் பழையபடியே இருக்கின்றன. உள்ளே இருந்த குணத்துக்கு உடல் ஒத்துப்போனதுதான் அங்கே தண்டனை. மனத்தில் புதிதாக எதுவும் கெடவில்லை.

ரோம எழுத்தாளர் பிளினி பதிவு செய்யும் அர்க்காடிய வழக்கில் சாபத்துக்குத் தவணை உண்டு. குறிப்பிட்ட குடும்பத்தில் சீட்டு விழுந்தவன் உடையைக் கருவாலி மரத்தில் மாட்டிவிட்டு ஏரியை நீந்திக் கடந்தால் ஓநாயாவான். 9 ஆண்டுகள் மனிதரைத் தொடாமல் இருந்தால் அதே ஏரியைக் கடந்து பழைய உருவம் பெறுவான். முகத்தில் 9 ஆண்டு மூப்பு மட்டும் கூடியிருக்கும். இதையெல்லாம் நம்ப முடியாது என்று பிளினியே எழுதுகிறார்.

தவணை வைத்த சாபம் நமக்குப் புதிதல்ல. சிலப்பதிகாரத்தின் நாடுகாண் காதையில் பரத்தை ஒருத்தியும் அவளுடன் வந்தவனும் கோவலன் கண்ணகியைப் பார்த்து இவர்கள் யாரென்று கேட்கிறார்கள். என் மக்கள் என்கிறார் கவுந்தியடிகள். ஒரு வயிற்றில் பிறந்தவர்கள் கணவன் மனைவியாக வாழ்வதுண்டோ என்று அவர்கள் இகழ, கண்ணகி செவியைப் பொத்திக்கொண்டு நடுங்குகிறாள். உடனே சாபம்: முள்காட்டில் முதுநரியாகுக. அடுத்து நரியின் நீண்ட ஊளை, 'கூவிளி', கேட்கிறது. அறியாமையால் சொன்னார்கள், சாபத்துக்கு முடிவு சொல்லுங்கள் என்று கோவலனும் கண்ணகியும் மன்றாடுகிறார்கள். உறையூர் மதிற்புறத்தில் 12 மாதம் 'படர்நோய்' உழந்தபின் பழைய உருவம் வரும் என்கிறார் கவுந்தி. 'படர்' என்பதற்கு நினைவு என்றும் துன்பம் என்றும் பொருள். நரியுடலுக்குள் நினைக்கும் மனம் அப்படியே கிடந்து வருந்துகிறது. இந்த ஒரு சொல்லுக்காகவே அந்தப் பகுதியைத் திரும்பப் படிக்கலாம். ஆனாலும் இதை வைத்து லைகாந்த்ரோபியை 'நரிச்சாபம்' என்று எழுதுவது சரியாகாது. நரியும் ஓநாயும் ஒரே பேரினம் என்றாலும் தமிழில் தனித்தனிப் பெயருள்ள இரண்டு விலங்குகள்.

மருத்துவத்தில் கதை தலைகீழ். இங்கே உடல் மாறுவதில்லை. மாறிவிட்டதாக மனம் நம்புகிறது. 7ஆம் நூற்றாண்டின் கிரேக்க மருத்துவர், ஏகினாத் தீவின் பவுல், இதைக் கரும்பித்தத்தால் வரும் மனச்சோர்வின் ஒரு வகையாக வைத்து அடையாளம் சொல்கிறார்: வெளிறிய முகம், கண்ணீர் வற்றிய கண், உலர்ந்த நாக்கு, தீராத தாகம், இரவெல்லாம் கல்லறைகளைச் சுற்றித் திரிவது, இருட்டில் அடிக்கடி விழுவதால் முழங்காலுக்குக் கீழே ஆறாத புண். சிகிச்சை: இரத்தக்குழாயைக் கீறி இரத்தம் வடித்தல், நல்லுணவு, நன்னீர்க் குளியல். சாபம், பரிகாரம் என்ற பேச்சுக்கே அங்கே இடமில்லை.

இதை அறிந்திருந்தும் ஐரோப்பா ஆட்களைக் கொன்றது. பேய் கொடுத்த அரைக்கச்சையைக் கட்டினால் ஓநாயாவேன் என்று சித்திரவதையில் ஒப்புக்கொண்ட பீட்டர் ஸ்டும்ப் 1589இல் கொலோன் அருகே பெட்பர்க்கில் கொல்லப்பட்டான். தேடியும் அந்தக் கச்சை கிடைக்கவில்லை. 1603இல் ழான் கிரெனியே என்ற சிறுவனின் வழக்கில் பொர்தோ நீதிமன்றம் அவன் மனவளர்ச்சி குன்றியவன் என்று கருதி, கொல்லாமல் மடாலயத்தில் அடைத்தது. ஓநாயாகிவிட்டோம் என்ற நம்பிக்கை இன்றும் மனச்சிதைவு, தீவிர மனச்சோர்வு, இருதுருவக் கோளாறு ஆகியவற்றோடு சேர்ந்து மிக அரிதாகத் தென்படுகிறது. 1850 முதல் 2012 வரையான மருத்துவப் பதிவுகளைத் தொகுத்த ஓர் ஆய்வில், விலங்காக மாறியதாக நம்பியவர்கள் 56 பேர். அவர்களுள் ஓநாய் என்று நம்பியவர்கள் 13 பேர்தான்.

மூன்றாவது பொருள் திரைப்படம் தந்தது. கடித்தால் தொற்றும், முழுநிலவில் உருமாறும், வெள்ளி பட்டால் சாகும் என்று இன்றைய வாசகர் அறிந்திருக்கும் விதிகளை இப்படி ஒரே கட்டாக்கியவை 1930களிலிருந்து வந்த ஹாலிவுட் படங்கள். இங்கே உடலும் மனமும் சேர்ந்தே திரிகின்றன. விடிந்தால் செய்தது நினைவில் இருக்காது. பழங்கதையை மொழிபெயர்க்கும்போது இந்த விதிகளை உள்ளே நுழைத்துவிடக் கூடாது. லூகாயோனை யாரும் கடிக்கவில்லை. கதைகளில் வரும் 'உல்ஃப்ஸ்பேன்' என்ற செடிக்குப் புதுப்பெயர் கட்ட வேண்டியதில்லை. ஐரோப்பாவில் இரையில் கலந்து ஓநாய்களைக் கொல்லப் பயன்பட்ட நஞ்சு அது; நம் நாட்டு மருந்துக்கடைகள் அறிந்த வச்சநாவியின் பேரினம். எழுதும்போது 'வச்சநாவி இனச் செடி' என்றால் போதும்.

சொற்களுக்கு வருவோம். கதைப்பொருளில் 'ஓநாய்ச் சாபம்' என்பது படித்தவுடன் விளங்கும்; வல்லினம் மிகும் என்பதால் 'ச்' விடக் கூடாது. சாபமில்லாமல் தொற்றாகவோ பிறவிக்குணமாகவோ வரும் கதைகளுக்கு 'ஓநாயுருத்திரிபு' பொருந்தும். உருமாற்றம் என்பதைத் தவிர்ப்பது நல்லது. கூட்டுப்புழு வண்ணத்துப்பூச்சியாவதற்கு அந்தச் சொல் பாடநூலில் நிலைத்துவிட்டது. கெடுவது என்ற பொருள் அதில் இல்லை. 'கூடுவிட்டுக் கூடு பாய்தல்' முற்றிலும் வேறு: திருமூலர் மூலன் உடலில் புகுந்தபோது எந்த உடலும் திரியவில்லை, உயிர்தான் இடம் மாறியது. மனநல மருத்துவத்தில் 'ஓநாய்ப் பிறழ்நம்பிக்கை' என்றே எழுத வேண்டும். நோயாளியைப் பற்றிய குறிப்பில் சாபம், பேய், மிருகம் என்ற சொற்கள் எட்டிப்பார்க்கவே கூடாது. நாயாகவோ பாம்பாகவோ ஆனதாக நம்புகிறவர்களையும் சேர்த்துச் சொல்ல 'விலங்குருப் பிறழ்நம்பிக்கை' என்ற பொதுச்சொல்லைப் பயன்படுத்தலாம்.