மாட் என்றால் ஒட்டு

"அம்னீசியாவுக்குப் புது மாட் போட்டிருக்கேன் மாமா" என்றான் அக்கா மகன். அம்னீசியா என்பது கணினியில் ஆடும் ஒரு திகில் விளையாட்டு. சேலம் அம்மாபேட்டை வீட்டில் ஊறுகாய்க்கு மாங்காய் நறுக்கிக்கொண்டிருந்த என் அம்மா நிமிர்ந்தார். "மாடா? எங்கடா கட்டி வெச்சிருக்க?"

சிரித்துவிட்டோம். ஆனால் தமிழில் அதற்கு என்ன சொல் என்று அவர் கேட்டபோது எனக்குச் சட்டென்று பதில் வரவில்லை.

மாட் என்பது மாடிஃபிகேஷன் என்பதன் குறுக்கம். யாரோ உருவாக்கிய கணினி விளையாட்டில், ஆடுகிறவர்களே புதுக் கதை, புது அறை, புதுப் பேய் என்று சேர்ப்பது. வேர்ச்சொல் இலத்தீனின் 'மோடுஸ்'. அதன் பொருள் அளவு. மாடல், மாடர்ன் எல்லாம் அதன் பங்காளிகள்தான். அளவு என்ற பழைய பொருளுக்கும் பேய் சேர்ப்பதற்கும் ஏணி வைத்தாலும் எட்டாது.

தமிழில் 'மாற்றம்' எனலாம். ஆனால் அது எல்லாவற்றுக்கும் போடுகிற சொல். 'திருத்தம்' என்றால் பிழை நீக்கியதாக ஆகிவிடும். என் ஓட்டு 'ஒட்டு'க்கே. (நெடிலாக அடித்துவிடாதீர்கள், தேர்தல் வந்துவிடும்.) சேலத்துக்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. நாட்டு மாங்கன்றை வேர்ச்செடியாக வைத்து, மல்கோவாக் குச்சியைச் சீவிக் கட்டினால் ஒட்டுக்கன்று. 2012இல் வந்த 'க்ரை ஆஃப் ஃபியர்' என்ற திகில் விளையாட்டு அப்படித்தான் 'ஹாஃப் லைஃப்' என்ற பழைய விளையாட்டின் மேல் கட்டிய ஒட்டு. அடுத்த ஆண்டே தனி விளையாட்டாகவும் வந்துவிட்டது.

சரி, வேர்ச்செடி காய்ந்தால்? விளையாட்டின் மூல நிரல், அதாவது அதை எழுதிய கணினிக் கட்டளைகள், நிறுவனத்திடம் பூட்டிக் கிடந்தால், புது விண்டோஸில் அது ஓடாமல் போகும்போது வெளியாள் உள்ளே புகுந்து சரிசெய்வது பெரும்பாடு. அதற்குத்தான் திறமூலம், அதாவது நிரலை எல்லோரும் படிக்கவும் மாற்றவும் பகிரவும் விடுவது. சுவீடனின் ஃப்ரிக்ஷனல் கேம்ஸ் நிறுவனம், 2010இல் வெளியிட்ட அம்னீசியாவின் மூல நிரலை 2020 செப்டம்பரில் ஜிபிஎல் என்ற திறமூல உரிமத்தில் திறந்துவிட்டது. படங்களும் ஒலிகளும் அதில் சேராது. ஆடுவதற்கு விளையாட்டைக் காசு கொடுத்துத்தான் வாங்க வேண்டும். 'எஸ்சிபி கன்டெயின்மென்ட் ப்ரீச்' என்ற திகில் விளையாட்டு இன்னும் தாராளம். பகிரவும் மாற்றவும் விடுகிற கிரியேட்டிவ் காமன்ஸ் உரிமத்தில் வந்ததால், அதை எடுத்து வளர்த்தவர்கள் பலர்.

இதையெல்லாம் அம்மாவிடம் சொன்னேன். "ஒட்டுன்னா சீக்கிரம் காய்க்குமே" என்றார்.

"இது காய்க்காது அம்மாயி, கத்தும்" என்று ஒலியைக் கூட்டினான் பயல்.