கண்ணாடியில் இரு மழைத்துளிகள்

1929ஆம் ஆண்டின் செக் மௌனப்படமான 'எரோட்டிகோன்' படத்தில், மழை இரவொன்றில் சிறிய ரயில் நிலையத்துக்கு வந்துசேரும் அந்நியன் அங்குள்ள காவலரின் வீட்டில் தங்குகிறான். காவலரின் மகளும் அவனும் நெருங்கும் தருணத்தை, சன்னல் கண்ணாடியில் வழியும் இரு துளிகள் ஒன்றாகும் காட்சியால் இயக்குநர் குஸ்தாவ் மஹாட்டி உணர்த்திவிடுகிறார். பேச்சொலி இல்லாத கலையில் இதைவிடச் சிக்கனமாக ஒன்றைச் சொல்ல முடியாது என்றே நான் கருதுகிறேன். அந்தத் துளிகளின் நடத்தைக்கு இயற்பியல் தரும் விளக்கமும் அதே அளவு அழகானது.

செங்குத்தான கண்ணாடியில் சிறு துளி வழியாமல் ஒட்டி நிற்பதைப் பார்த்திருப்போம். புவியீர்ப்பு இழுக்கும்போது துளியின் அடிப்பகுதி பருத்து, மேல்விளிம்பு தட்டையாகிறது. கீழ்விளிம்பில் நீருக்கும் கண்ணாடிக்கும் இடையிலான கோணம் பெரிதாகவும் மேலே சிறிதாகவும் அமைவதால், அந்த வேறுபாட்டைப் பற்றிக்கொண்டு, நீரின் மேற்பரப்பைச் சுருங்க இழுக்கும் விசையான பரப்பு இழுவிசை துளியைத் தாங்குகிறது. ஆனால் துளியின் அகலம் இரட்டித்தால் இந்தப் பிடிமானம் 2 மடங்குதான் கூடும். எடையோ 8 மடங்காகிவிடும். ஆகவே சில மில்லிமீட்டர் அளவைத் தாண்டியதும் துளி நழுவத் தொடங்குகிறது. போகும் வழியில் ஈரத்தடம் விட்டு இளைத்து, வேகம் குறைந்து, சில சமயம் நின்றே விடுகிறது. இன்னொரு துளியைத் தொட்டால் எடை கூடி மறுபடி விரைகிறது. கண்ணாடியின் அழுக்கும் முன்னே சென்ற துளிகளின் ஈரமும் பாதையைத் திருப்புவதால்தான் அது வளைந்து நெளிந்து செல்கிறது.

இரு துளிகளும் தொட்ட கணத்தில் அவற்றிடையே மிக மெல்லிய நீர்க்கழுத்து உருவாகிறது. அங்கே வளைவு மிகக் கடுமையாக இருப்பதால், பரப்பு இழுவிசை அந்தக் கழுத்தைப் பலமாக இழுத்து அகலப்படுத்துகிறது. ஒரே அளவும் வடிவமும் கொண்ட இரு துளிகள் அதே வடிவில் ஒன்றானால், மொத்தப் பரப்பு ஏறத்தாழ 21 சதவீதம் குறையும். பரப்பைக் குறைத்து ஆற்றலைக் குறைத்துக்கொள்வது நீரின் இயல்பு. மில்லிமீட்டர் அளவுள்ள துளிகளில் கழுத்து விரிவதற்குச் சில மில்லிவிநாடிகளே போதும். ஒன்றான துளியின் விளிம்பு கண்ணாடியில் நகர்ந்து சீராவதற்குத்தான் கூடுதல் நேரம் பிடிக்கும்.

மௌனப்படங்கள் பெரும்பாலும் விநாடிக்கு 16 முதல் 24 படங்கள் என்ற வேகத்தில் எடுக்கப்பட்டன. அடுத்தடுத்த இரு படங்களுக்கு இடையே 40 மில்லிவிநாடிக்குக் குறையாத இடைவெளி உண்டு. எனவே இணைதல் என்ற நிகழ்வு ஃபிலிமில் ஏறக்குறைய பதிவாவதே இல்லை. ஒரு படத்தில் இரண்டு துளிகள், அடுத்ததில் ஒன்று. இடையில் நடந்ததைப் பார்ப்பவரின் மூளையே நிரப்பிக்கொள்கிறது.