லேவில் இறங்கும் விமானமும் நம் நுரையீரலும்

மே, ஜூன் மாதங்களில் என் புறநோயாளிப் பிரிவுக்கு வருவோரில் சிலருக்கு நோய் எதுவும் இருப்பதில்லை. கையில் லடாக் பயணத் திட்டத்தை வைத்துக்கொண்டு, "டாக்டர், அடுத்த வாரம் லேவுக்குப் போகிறோம், டயமாக்ஸ் எழுதிக் கொடுங்கள்" என்று, உயரத்தில் வரும் மலைநோயைத் தடுக்கும் மருந்தைக் கேட்பார்கள். நெஞ்சக நோய் மருத்துவனான நான் அந்தத் திட்டத்தை வாங்கி, முதல் இரண்டு நாட்களுக்கு எதிரே என்ன எழுதியிருக்கிறது என்று பார்த்த பிறகே மருந்தைப் பற்றிப் பேசுவேன். பெரும்பாலும் முதல் நாள் மாலையே ஊர் சுற்றல் என்றும், இரண்டாம் நாள் பாங்காங் ஏரி என்றும் எழுதியிருக்கும். அந்த இரண்டு வரிகளைப் பற்றித்தான் இங்கே எழுதுகிறேன்.

லேவுக்கு விமானத்தில் போவது எத்தனை பெரிய காரியம் என்பது அந்த விமான நிலையத்தின் கதை தெரிந்தவர்களுக்கே விளங்கும். 1948ஆம் ஆண்டு காஷ்மீர்ப் போரின்போது எதிரிப் படையினர் சிந்து நதிப் பள்ளத்தாக்கு வழியாக லேவை நெருங்கிக்கொண்டிருந்தார்கள். நகரைக் காக்க மிகச் சிறிய படையே இருந்தது. ஸ்ரீநகரிலிருந்து நடந்து வர இரண்டு வாரத்துக்கு மேலாகும். இடையிலுள்ள ஸோஜி லா கணவாயோ குளிர்காலத்தில் பனியில் மூடிக் கிடக்கும். அந்தக் கணவாயைப் பனியிலேயே நடந்து கடந்த ஒரு சிறு படைக்குழுவோடு வந்தவர்தான் சோனம் நோர்பு என்ற லடாக்கியப் பொறியாளர். உள்ளூர் மக்களைத் திரட்டி, சிந்து நதிக்கரையின் மணற்பரப்பில் சில வாரங்களுக்குள் அவர் ஓர் ஓடுதளத்தை உருவாக்கினார். 1948 மே 24 அன்று ஏர் கமடோர் மெஹர் சிங், மேஜர் ஜெனரல் திம்மய்யாவையும் ஏற்றிக்கொண்டு, உள்ளே காற்றழுத்தத்தைக் காக்கும் வசதியே இல்லாத டகோட்டா விமானத்தை இமயத்தைத் தாண்டி ஓட்டிவந்து அதில் இறக்கினார். அதன் பிறகு படைவீரர்கள் வான்வழியே வந்து சேர்ந்தார்கள், லே தப்பியது.

லே நகரின் அரசு மருத்துவமனை இன்று சோனம் நோர்புவின் பெயரைத் தாங்கி நிற்கிறது. அவர் போட்ட ஓடுதளம் வளர்ந்து நிலையமாகி, அதில் வந்திறங்கி மூச்சுத் திணறும் பயணிகள் அவர் பெயரிலுள்ள மருத்துவமனைக்கே கொண்டுசெல்லப்படுகிறார்கள் என்பது, இந்தத் தொழிலில் இருக்கும் எனக்கு ஒவ்வொரு கோடையிலும் நினைவுக்கு வருகிறது.

விமான நிலையத்துக்குச் சூட்டப்பட்டிருப்பது குஷோக் பகுலா ரிம்போச்சேயின் பெயர். ஓடுபாதையை ஒட்டிய குன்றின் மீதுள்ள ஸ்பிதுக் மடாலயத்தின் தலைவராகவும், மக்களவை உறுப்பினராகவும், மங்கோலியாவுக்கான இந்தியத் தூதராகவும் இருந்தவர் அவர். சுற்றுலாப் பயணிகளுக்கு இந்த நிலையம் ஒரு வாசல் மட்டுமே. லடாக் மக்களுக்கோ குளிர்காலத்தில் சாலைகள் அடைபடும்போது வெளியுலகத்தோடு எஞ்சும் ஒரே உறுதியான இணைப்பு இதுதான். புற்றுநோயாளியும், சிக்கலான பிரசவத்தை எதிர்நோக்கும் பெண்ணும், கல்லூரிக்குத் திரும்பும் மாணவரும் இந்த ஓடுபாதையை நம்பியே இருக்கிறார்கள். 2010 ஆகஸ்ட் 5 இரவு கொட்டிய பெருமழையில் சேறும் பாறையும் நகருக்குள் புகுந்து இருநூறுக்கும் மேற்பட்டோர் இறந்தபோது, மருத்துவமனைக்குள்ளேயே சேறு நிறைந்துவிட்டது. மருந்தும் மீட்புக் குழுக்களும் வான்வழியாகவே வந்து சேர்ந்தன.

நிலையத்தின் உயரம் கடல் மட்டத்திலிருந்து 3,256 மீட்டர். நகரம் அதைவிடச் சற்று உயரத்தில், ஏறக்குறைய 3,500 மீட்டரில் இருக்கிறது. இங்கே காற்றழுத்தம் கடலோரத்தில் உள்ளதில் மூன்றில் இரண்டு பங்குதான். காற்று மெலிந்திருப்பதால் இறக்கைக்குக் கிடைக்கும் தூக்குவிசையும் இயந்திரத்தின் வலுவும் குறைகின்றன. வெயில் ஏற ஏறக் காற்று இன்னும் மெலிகிறது. பிற்பகலில் பள்ளத்தாக்கில் பலத்த காற்றும் வீசத் தொடங்குகிறது. ஆகவே பயணிகள் விமானங்கள் பெரும்பாலும் காலையிலேயே வந்து திரும்பிவிடுகின்றன. பாரத்தைக் குறைத்துக்கொண்டு கிளம்புகின்றன. மலைகள் சூழ்ந்திருப்பதால் வழக்கமாக ஒரு திசையில் இறங்கி அதற்கு எதிர்த்திசையில் ஏறுகின்றன. தனிப் பயிற்சி பெற்ற விமானிகளே இங்கு இறங்க அனுமதிக்கப்படுகிறார்கள். மெலிந்த காற்றுக்கு விமானி இத்தனை மரியாதை கொடுக்கிறார். அதே விமானத்திலிருந்து இறங்கும் பயணியோ பெட்டியைத் தோளில் தூக்கிக்கொண்டு படியேறுகிறார்.

பலருக்கும் தெரியாத ஒரு செய்தி உண்டு. பறக்கும் விமானத்தின் உட்புறக் காற்றழுத்தம் பொதுவாக 2,400 மீட்டர் உயரத்துக்குரிய அளவுக்குக் கீழே போகாமல் பார்த்துக்கொள்ளப்படுகிறது. மற்ற ஊர்களில் கதவு திறக்கும்போது நாம் அடர்ந்த காற்றுக்குள் இறங்குகிறோம். லேவிலோ விமானத்துக்குள் இருந்ததைவிட மெலிந்த காற்றுக்குள் இறங்குகிறோம். முந்தைய இரவு சென்னையில் கடல் மட்டத்தில் உறங்கியவர், டெல்லியிலிருந்து ஒன்றேகால் மணி நேரம் பறந்து, மறுநாள் காலை இந்தக் காற்றைச் சுவாசிக்கிறார். நடந்து வந்தவருக்கு இரண்டு வாரம் பழகிக்கொள்ள அவகாசம் இருந்தது. விமானம் அந்த அவகாசத்தை நீக்கிவிட்டது. உடம்பின் வேகமோ அன்றிருந்தபடியேதான் இருக்கிறது.

இதை நாம் பட்டுத்தான் தெரிந்துகொண்டோம். 1962ஆம் ஆண்டுப் போரையொட்டிச் சமவெளியிலிருந்து விரைவாக உயரத்துக்குக் கொண்டுசெல்லப்பட்ட வீரர்கள் பலர் நோயுற்றார்கள். இந்தர் சிங் தலைமையிலான ராணுவ மருத்துவர்கள் 1,925 வீரர்களிடம் கண்ட மலைநோயை, அதாவது மெலிந்த காற்றுக்கு உடம்பு பழகுமுன் வரும் நோயைப் பற்றி 1969இல் வெளியிட்ட ஆய்வு, இன்றும் உலகெங்கும் மேற்கோள் காட்டப்படுகிறது. அவர்கள் நல்ல உடற்கட்டுள்ள இளைஞர்கள் என்பதை மறக்க வேண்டாம். தினமும் பத்துக் கிலோமீட்டர் ஓடுகிறேன் என்பது உயரத்துக்கு எதிரான காப்பு ஆகாது.

சில ஆண்டுகளுக்கு முன் என்னிடம் வந்த ஒருவருக்கு முப்பத்தைந்து வயதுகூட ஆகவில்லை. நீரிழிவு, ரத்த அழுத்தம், புகைப்பழக்கம் எதுவும் கிடையாது. பயண ஏற்பாட்டாளர் கொடுத்த திட்டப்படி முதல் நாள் மாலை அரண்மனைக்கு ஏறியிருக்கிறார், இரவு தலைவலித்திருக்கிறது. மறுநாள் சாங் லா கணவாயைக் கடந்து, 4,200 மீட்டருக்கு மேலுள்ள பாங்காங் ஏரிக்கரையில் கூடாரத்தில் தங்கியிருக்கிறார். நள்ளிரவில் வறட்டு இருமல். படுத்தால் மூச்சு முட்டியிருக்கிறது. குளிரால் பிடித்த சளி என்று நண்பர்கள் கற்பூரத்தை முகரக் கொடுத்திருக்கிறார்கள். விடியும் முன் எட்டிப் பார்த்த லடாக்கிய ஓட்டுநர், அவர் உதடு நீலம் பூத்திருப்பதைக் கண்டு, யாரையும் கேட்காமல் வண்டியில் ஏற்றி லே மருத்துவமனைக்குக் கொண்டுசென்றுவிட்டார். நுரையீரலில் நீர் கோத்திருந்தது. ஆக்ஸிஜன் கொடுத்துக் காப்பாற்றினார்கள். அவருடைய மார்பு எக்ஸ்ரேயைப் பார்த்தபோது, இன்னும் சில மணி நேரம் கழிந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்றுதான் எனக்குத் தோன்றியது.

ஆகவே திட்டத்தோடு வருபவர்களிடம் நான் கேட்டுக்கொள்வது இதுதான்: இறங்கியபின் 48 மணி நேரத்தை லேவிலேயே, பெரும்பாலும் அறையிலேயே கழியுங்கள். மெல்ல நடக்கலாம், சூப்பும் தேநீரும் குடிக்கலாம்; மதுவும் தூக்க மாத்திரையும் வேண்டாம். தலைவலியோடு பசியின்மை, குமட்டல், சோர்வு, தலைச்சுற்றல் இவற்றில் ஒன்று சேர்ந்தாலும், வேறு காரணம் நிரூபணமாகும்வரை அதை மலைநோய் என்றே கொள்ளுங்கள். அது தீரும்வரை மேலே ஏறாதீர்கள். அசையாமல் உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு வாங்கினாலோ, நடை தள்ளாடினாலோ, பேச்சு குழம்பினாலோ விடியட்டும் என்று காத்திருக்கக் கூடாது. லேவிலிருந்து சமவெளிக்கு எந்தச் சாலையில் கிளம்பினாலும் இன்னும் உயரமான கணவாய் ஒன்றைக் கடந்தாக வேண்டும். உண்மையில் கீழே இறங்கும் விரைவான வழி விமானம்தான், அதுவும் காலையில்தான். அதுவரை உயிரைத் தாங்குவது மருத்துவமனையின் ஆக்ஸிஜன். கடையில் விற்கும் சிறு ஆக்ஸிஜன் புட்டி சில நிமிடங்களுக்கு மேல் வராது. கற்பூரம் மூக்குக்கு இதமாக இருக்கும், ரத்தத்தில் ஆக்ஸிஜனைக் கூட்டாது.

டயமாக்ஸ் பயனுள்ள மருந்துதான். முந்தைய நாள் தொடங்கி 125 மில்லிகிராம் வீதம் காலையும் இரவும் எடுத்துக்கொண்டால் பழகும் வேகம் கூடும். விரல்களில் மதமதப்பும் அடிக்கடி சிறுநீர் கழிப்பதும் இருக்கும். சல்ஃபா ஒவ்வாமை உள்ளவர்களும் சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களும் மருத்துவரைக் கேட்காமல் தொடக்கூடாது. அண்மையில் மாரடைப்பு வந்தவர்கள், நுரையீரல் ரத்த அழுத்தம் உள்ளவர்கள், நாள்பட்ட மூச்சடைப்பு நோயாளிகள், கர்ப்பிணிகள் டிக்கெட் எடுக்கும் முன்பே ஆலோசனை பெற வேண்டும்.

நேரம் உள்ளவர்கள் ஸ்ரீநகரிலிருந்து சாலை வழியே, 2,700 மீட்டர் அளவிலுள்ள கார்கிலில் ஓர் இரவு தங்கிப் போவது விமானத்தைவிட நல்லது. மணாலி சாலையில் அப்படிச் சொல்ல முடியாது. இடையில் தங்கும் சர்ச்சு லேவைவிட உயரமானது. எந்த வழியில் போனாலும், மேகம் மூடினால் விமானம் ரத்தாகும் ஊர் அது என்பதால், அன்றாட மருந்துகளை நான்கு நாட்களுக்குக் கூடுதலாக, சரக்கில் போடாமல் கைப்பையிலேயே வைத்துக்கொள்ளுங்கள்.