அந்துருண்டைக்கு மசியாத அந்துப்பூச்சி

மே 6, காலை நேரம். ழான் ஆன்ரி ஃபாப்ரின் மேசையில் ஒரு பெண் அந்துப்பூச்சி கூட்டிலிருந்து வெளியே வந்தது. ஐரோப்பாவிலேயே பெரிய அந்துப்பூச்சி இனம் அது. கம்பிவலைக் கூண்டு ஒன்றை அதன்மேல் கவிழ்த்து வைத்தார், அவ்வளவுதான். இரவு 9 மணிக்குச் சின்ன மகனின் அறையிலிருந்து ஒரே கூச்சல்: பறவை அளவுக்குப் பூச்சிகள்! மெழுகுவர்த்தியோடு ஓடிப்போய்ப் பார்த்தால், கூண்டைச் சுற்றி ஆண் பூச்சிகள் படபடத்துக்கொண்டிருந்தன. வீடு முழுக்கச் சுமார் 40 இருக்கும்.

இருட்டில் இவற்றுக்கு யார் தகவல் சொன்னது?

ஃபாப்ர் 1823இல் தெற்கு பிரான்சில் ஓர் ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர். பள்ளி ஆசிரியராக இருந்துகொண்டே கணிதம், இயற்பியல், பூச்சியியல் என்று பெரும்பாலும் தானாகவே படித்துத் தேறினார். 1879இல் செரிஞான் கிராமத்தில் கல்லும் முள்ளும் மண்டிய ஒரு தரிசை வாங்கினார். உழவருக்கு உதவாத நிலம், குளவிகளுக்கோ சொர்க்கம். அவர் எழுதிய பூச்சி நினைவுகள் 10 தொகுதிகள்; பெரும்பகுதியை அங்கே உட்கார்ந்துதான் எழுதினார். டார்வினே அவரை நிகரற்ற கவனிப்பாளர் என்றார். அதற்காக எல்லாம் சரியாகச் சொன்னவர் என்றில்லை. மரத்தடியில் வேட்டுக்குழாய் வெடித்தும் சில்வண்டுகள் பாட்டை நிறுத்தாததால், அவற்றுக்குக் காதே கேட்காது என்று முடிவுகட்டினார். அது தப்பு.

சரி, அந்துப்பூச்சிக்கு வருவோம். இறுக மூடிய பெட்டிக்குள் பெண்ணை வைத்தால் ஒரு ஆணும் வரவில்லை. சின்ன இடுக்கு இருந்தால் போதும், வந்துவிட்டன. அப்படியானால் வாசனைதானே? பெண்ணைச் சுற்றி அந்துருண்டையை வைத்தார். இன்னொரு இனத்தை வைத்துச் சோதித்தபோது லாவண்டர் தைலம், மண்ணெண்ணெய் என்று அறையையே நாறடித்தார். ஆண்கள் அசரவில்லை, நேராக வந்தன. ஃபாப்ர் குழம்பிப்போனார்.

அப்புறம் அந்த இரண்டாவது இனத்தில் ஒரு வேலை செய்தார். பெண்ணைக் கண்ணாடிக் கவிப்புக்குள் அடைத்து, ஜன்னலருகே எல்லோரும் பார்க்கும்படி வைத்தார். முந்தின இரவு அது தங்கியிருந்த மணல் தட்டை ஒரு இருட்டு மூலையில் ஒதுக்கினார். வந்த ஆண்கள் பெண்ணைக் கண்ணெடுத்தும் பார்க்காமல், அந்த வெறும் மணலில் போய் மொய்த்தன.

விடை வர 1959 ஆனது. ஜெர்மன் வேதியியலாளர் பூட்டனான்ட், சுமார் 5,00,000 பெண் பட்டுப்பூச்சிகளின் சுரப்பிகளிலிருந்து சில மில்லிகிராம் பொருளைப் பிரித்தெடுத்தார். அதுதான் பாம்பிகால்; அடையாளம் காணப்பட்ட முதல் பெரோமோன், அதாவது ஓர் இனம் தனக்குள் செய்தி சொல்ல வெளிவிடும் வேதிப்பொருள். ஆணின் சீப்பு போன்ற உணர்கொம்பில் ஆயிரக்கணக்கான நுண்மயிர்கள் உண்டு. அவற்றின் துளைகள் வழியாக மூலக்கூறு உள்ளே போகிறது, அதற்கென்றே அமைந்த ஏற்பியில் ஒட்டிக்கொள்கிறது, நரம்பு துடிக்கிறது. ஒரே ஒரு மூலக்கூறு கூட ஒரு துடிப்பை எழுப்பப் போதும்.

அந்துருண்டை தோற்றது இதனால்தான். நம் மூக்கை அடைக்கும் நெடி அந்த ஏற்பியில் பொருந்துவதே இல்லை. வேறு பூட்டின் சாவி. பறக்கும் அந்துப்பூச்சிகள் இந்த வாசனை பட்டதும் காற்றுக்கு எதிராகத் திரும்புகின்றன. தடம் விட்டுப்போனால் இடமும் வலமுமாக வளைந்து தேடுகின்றன. கண்ணாடிக்குள் இருந்த பெண்ணிடமிருந்து காற்றில் எதுவும் வரவில்லை. மணலோ இரவெல்லாம் அதன் வாசனையில் ஊறிக் கிடந்தது.