ஜும்ஹூரி: மணல்மேட்டிலிருந்து குடியரசு வரை

பள்ளிவாசலில் பயான் என்ற மார்க்கச் சொற்பொழிவைக் கேட்டுப் பழகிய தமிழ் முஸ்லிம்களுக்கு "ஜும்ஹூர் உலமாக்கள்" என்ற தொடர் புதிதல்ல. ஒரு மார்க்கச் சட்டத்தில் இமாம்களுக்குள் கருத்து வேறுபாடு இருந்தால், "சிலர் அப்படிச் சொன்னாலும் ஜும்ஹூர் உலமாக்களின் கருத்து இதுதான்" என்று ஹஜ்ரத் முடித்து வைப்பார். பெரும்பாலான அறிஞர்கள் என்று பொருள். அதே சொல்தான் ஈரான் நாட்டுக் கடவுச்சீட்டின் அட்டையிலும் இருக்கிறது: ஜொம்ஹூரியெ எஸ்லாமியெ ஈரான். உச்சரிப்பு மட்டும் பாரசீக வாய்க்கு ஏற்றபடி மாறியிருக்கிறது. தமிழில் இதை "ஈரான் இஸ்லாமியக் குடியரசு" என்று எழுதுகிறோம். சரியான மொழிபெயர்ப்புதான். ஆனால் இரண்டு சொற்களும் புறப்பட்ட இடம் வேறு.

அரபு அகராதியில் ஜும்ஹூர் என்றால் மணல். காற்று அடித்து அடித்துக் குவித்த பெரிய மணல்மேடு. தூத்துக்குடிப் பக்கத்துத் தேரியைப் பார்த்தவர்களுக்கு விளக்கம் வேண்டாம். அதிலிருந்து "ஒன்றின் பெரும்பகுதி" என்றும், "மக்களில் பெரும்பாலோர்" என்றும், கடைசியில் "பொதுமக்கள்" என்றும் பொருள் விரிந்தது. ஒற்றை மணலுக்கு இந்தப் பெயர் கிடையாது. குவிந்தால்தான் ஜும்ஹூர்.

இந்தச் சொல்லை அரசியலுக்கு இழுத்து வந்தவர்கள் உஸ்மானியத் துருக்கியர்கள். வெனிஸ் போன்ற, அரசன் இல்லாத நகர நாடுகளோடு அவர்களுக்கு வியாபாரமும் இருந்தது, சண்டையும் இருந்தது. சுல்தானும் இல்லை, அமீரும் இல்லை, இவர்களை என்னவென்று அழைப்பது? ஜும்ஹூர் என்றார்கள். 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் பிரெஞ்சுப் புரட்சி வந்தபோது ஒரு விகுதியைச் சேர்த்து ஜும்ஹூரியெத் ஆக்கினார்கள். ஐரோப்பாவின் 'ரிபப்ளிக்' இலத்தீனில் "பொதுக்காரியம்" என்று பொருள்படும் ரெஸ் பூப்ளிகாவிலிருந்து வந்தது. அந்தக் கருத்துக்கு அரபு வேரில் துருக்கியர் செய்து கொடுத்த உருவம் இது. பிறகு அரபியில் ஜும்ஹூரிய்யா, உருதுவில் ஜம்ஹூரியா, பாரசீகத்தில் ஜொம்ஹூரி என்று பரவிவிட்டது.

இங்கே ஒரு குழப்பம் உண்டு. உருதுவில் ஜம்ஹூரியா என்றால் குடியரசு, ஜம்ஹூரியத் என்றால் ஜனநாயகம். பாரசீகத்தில் ஜனநாயகத்துக்கு மர்தொம்சாலாரி என்று தனிச்சொல் இருக்கிறது. மர்தொம் மக்கள், சாலார் தலைவன், ஹைதராபாத் சாலார் ஜங் பெயரில் வரும் அதே சாலார். ஆகவே பாகிஸ்தான் செய்தியை மொழிபெயர்த்துப் பழகிய கையோடு ஈரான் செய்திக்குப் போனால் தடுக்கி விழ வாய்ப்பு உண்டு. நாட்டின் பெயரிலேயே "இஸ்லாமிய", "குடியரசு" இரண்டையும் முதலில் சேர்த்தது பாகிஸ்தான்தான், 1956 அரசியல் சட்டத்தில்.

தமிழுக்கு வருவோம். குடி என்றால் வீடு, குடும்பம், குலம், ஊர், அப்புறம் ஆளப்படுகிற மக்கள். "படைகுடி கூழமைச்சு நட்பரண் ஆறும் உடையான் அரசருள் ஏறு" என்ற குறளில் குடி என்பது அரசனுக்கு இருக்க வேண்டிய ஆறு உடைமைகளில் ஒன்று. படை, கருவூலம், கோட்டை ஆகியவற்றோடு சேர்த்து எண்ணப்படும் பொருள். குடியரசு என்று சொல்லும்போது அந்த உடைமையே உடையவனின் இடத்தில் போய் உட்கார்ந்துவிடுகிறது. ஜார் மன்னன் வீழ்ந்ததைப் பாடிய பாரதி "குடியரசென்று உலகறியக் கூறிவிட்டார்" என்று எழுதியபோது அந்தத் தலைகீழ் மாற்றம் முழுசாகவே சொல்லுக்குள் வந்துவிட்டது. 1925-இல் பெரியார் ஈரோட்டிலிருந்து நடத்தத் தொடங்கிய வார இதழுக்கு வைத்த பெயரும் குடி அரசு. (மதுக்கடையை வைத்துச் சொல்லும் கேலி எல்லோருக்கும் தெரிந்ததுதான். குடியரசு நாளன்று கடை திறக்காது என்பது அதைவிட நல்ல நகைச்சுவை.)

ஜும்ஹூர் என்பது திரள். குடி என்பது வேர்பிடித்து வாழும் குடும்பங்கள். திரளுக்குள் யார் யார் உண்டு, யார் கணக்கில் சேர மாட்டார்கள் என்ற கேள்வி சொல்லிலேயே ஒட்டிக்கொண்டு வருகிறது. ஈரானின் நூறு வருட அரசியலை இந்தக் கேள்வியை வைத்தே படிக்கலாம் என்று எனக்குத் தோன்றுகிறது.

வரலாற்றின் குறும்பு ஒன்று. 1924-இல் ஈரானில் குடியரசு வேண்டும் என்று கேட்டவர் பிரதமராக இருந்த ரேசா கான் என்ற படைத்தலைவர். வேண்டாம் என்று தடுத்தவர்கள் மார்க்க அறிஞர்கள். பக்கத்து நாடான துருக்கி 1923-இல் குடியரசாகி, 1924 மார்ச்சில் கிலாஃபத் என்ற கலீஃபா பதவியையே ஒழித்துவிட்டதை அவர்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஜொம்ஹூரி என்றாலே மார்க்கத்துக்கு ஆபத்து என்று அன்று அதற்குப் பொருள். ரேசா கான் கும் நகருக்குப் போய் அவர்களைச் சந்தித்துவிட்டு வந்து, குடியரசுப் பேச்சைக் கைவிடச் சொல்லி அறிவித்தார். அடுத்த வருடமே அவர் ஷா, அதாவது மன்னர், ஆகிவிட்டார். 1979-இல் அவர் மகன் நாட்டை விட்டுப் போனபோது, அதே ஜொம்ஹூரியைக் கையில் எடுத்தவர்கள் மார்க்க அறிஞர்கள்.

அதுவும் ஒரே நாளில் நடந்துவிடவில்லை. புரட்சி ஊர்வலங்களில் முதலில் "எஸ்தெக்லால், ஆசாதி, ஹொக்கூமத்தெ எஸ்லாமி" என்றும் முழக்கம் கேட்டது. பிற நாட்டுக்குக் கட்டுப்படாமை, விடுதலை, இஸ்லாமிய ஆட்சி. ஹொக்கூமத் என்றால் ஆட்சி, அதிகாரம். பிறகு அந்த இடத்தில் ஜொம்ஹூரி வந்து உட்கார்ந்தது. இடைக்காலப் பிரதமர் மெஹ்தி பாசர்கான் "ஜனநாயக இஸ்லாமியக் குடியரசு" என்று பெயர் வைக்கலாம் என்றார். புரட்சியின் தலைவர் கொமெய்னி மறுத்துவிட்டார்: இஸ்லாமியக் குடியரசு, ஒரு சொல் கூடவும் வேண்டாம், ஒரு சொல் குறையவும் வேண்டாம். 1979 மார்ச் 30, 31-இல் வாக்கெடுப்பு நடந்தது. ஆம் என்பதற்குப் பச்சைச் சீட்டு, இல்லை என்பதற்குச் சிவப்புச் சீட்டு. 98.2 விழுக்காடு ஆம் என்று அறிவித்தார்கள். இடதுசாரிகளில் சிலரும் வேறு சிலரும் புறக்கணித்தார்கள். புதிய அரசியல் சட்டம் அப்போது எழுதி முடிக்கப்படவில்லை. ஆக, மக்கள் வாக்களித்தது இரண்டு சொல்லுக்குத்தான்.

அந்த இரண்டு சொல்லுக்கும் பிறகு எழுதிய சட்டம் இரண்டு பக்கமும் இழுக்கிறது. 6ஆம் பிரிவு, நாட்டின் நிர்வாகம் மக்கள் வாக்கின்படி நடக்க வேண்டும் என்கிறது. 56ஆம் பிரிவு, முழு இறைமையும் இறைவனுக்கே, அவனே மனிதனைத் தன் சமூக விதிக்கு உரியவனாக ஆக்கினான் என்கிறது.

பதவிப் பெயர்களிலும் இந்த இழுபறியைக் காணலாம். நாட்டின் தேர்ந்தெடுக்கப்பட்ட தலைவர் ரயீஸெ ஜொம்ஹூர், அதாவது மக்கள் திரளின் தலைவர். நம் நாளிதழ்கள் "ஈரான் அதிபர்" என்று எழுதுகின்றன. எனக்கு அது பிடிக்கவில்லை. அதிபர் என்றால் எல்லாம் அவர் கையில் என்ற ஒலி இருக்கிறது. ஈரானில் நிலைமை அப்படி இல்லை. இலங்கைத் தமிழர் வழக்கமாக எழுதும் ஜனாதிபதி, ஜனங்களுக்கு அதிபதி என்று பிரித்துப் பார்த்தால், பாரசீகச் சொல்லுக்கு அச்சு அசலாகப் பொருந்துகிறது. குடியரசுத் தலைவர் என்றாலும் சரிதான். அவருக்கு மேலே இருப்பவர் ரஹ்பர். ரஹ் பாதை, பர் கொண்டு செல்பவர், வழிநடத்துபவர். உச்சத் தலைவர் என்று நாம் எழுதுவது பதவியின் பலத்தைச் சொல்கிறது, சொல்லின் பொருளை அல்ல. அலி காமெனெய் 1981 முதல் 1989 வரை ரயீஸெ ஜொம்ஹூர், கொமெய்னி இறந்ததும் ரஹ்பர் ஆனார்.

115ஆம் பிரிவில் உள்ள ஒரு சொல்லையும் இங்கே பார்த்துவிட வேண்டும். ஜனாதிபதி "மார்க்க, அரசியல் ரெஜால்"களிலிருந்து வர வேண்டுமாம். அரபியில் ரஜுல் என்றால் ஆண், ரிஜால் என்றால் ஆண்கள். ஆனால் முக்கியஸ்தர்கள், பெரிய மனிதர்கள் என்ற பொருளிலும் அது வழங்குகிறது. முதல் பொருள் என்றால் பெண்கள் போட்டியிடவே முடியாது, இரண்டாவது என்றால் முடியும். முதல் நாடாளுமன்றத்தில் உறுப்பினராக இருந்த அஸம் தாலெகானி இதைச் சோதித்துப் பார்க்கவே 1997-இல் வேட்புமனு கொடுத்தார். எழுபது வயது கடந்த பிறகு 2017-இலும் கொடுத்தார். இதுவரை ஒரு பெண்ணையும் ஜனாதிபதித் தேர்தலில் நிற்க விட்டதில்லை. ரெஜால் என்றால் ஆண்தான் என்று முடிந்த முடிவாக எழுதி வைக்கவுமில்லை. இதைத் தமிழில் எழுதும்போது "ஆண்கள்" என்று போட்டால் ஒரு தரப்பு, "பெருமக்கள்" என்று போட்டால் மறு தரப்பு. நான் ரெஜால் என்றே விட்டுவிட்டு விளக்கம் எழுதுவேன்.

மனுக்களைப் பரிசீலிப்பது காவலர் மன்றம், பாரசீகத்தில் ஷூராயெ நெகாஹ்பான். 12 பேர்; ஆறு மார்க்க அறிஞர்களை ரஹ்பர் நேராக நியமிக்கிறார், ஆறு சட்ட அறிஞர்களை நீதித்துறைத் தலைவர் முன்மொழிய நாடாளுமன்றம் தேர்ந்தெடுக்கிறது. அந்த நீதித்துறைத் தலைவரை நியமிப்பவரும் ரஹ்பர்தான். 2021-இல் 592 பேர் மனு கொடுத்தார்கள், ஏழு பேருக்கு அனுமதி. 2024-இல் 80 பேர், ஆறு பேருக்கு அனுமதி. இரண்டு முறை ஜனாதிபதியாக இருந்த ரஃப்சஞ்சானியையே 2013-இல் தள்ளுபடி செய்தார்கள்.

நம்முடைய "தேர்தல்" என்ற சொல் இந்த இடத்தில் நன்றாக வெளிச்சம் போடுகிறது. தேர்தல் என்றால் எடுப்பது மட்டுமல்ல, ஆராய்வதும்தான். "தேறற்க யாரையும் தேராது" என்கிற குறளில் தேர்தல் ஆராய்தல். ஆராயாமல் யாரையும் நம்பாதே என்கிறார் வள்ளுவர். நமக்கு ஆராய்வதும் எடுப்பதும் ஒரே ஆள் செய்கிற ஒரே வேலை. ஈரானில் அதை இரண்டாகப் பிரித்துவிட்டார்கள். ஆராய்வது மன்றம், எடுப்பது மக்கள். பாரசீகத்தில் இதற்கு இரண்டு தனிச்சொல்லே உண்டு: மன்றம் செய்வது நெசாரத், மேற்பார்வை, மக்கள் செய்வது எந்தெகாப், தெரிவு.

சரி, மக்கள் எடுக்கும் அந்த நிமிடம் எப்படி இருக்கும்? சீட்டில் உதயசூரியனும் இரட்டை இலையும் போல எதுவும் கிடையாது. வாக்காளர் பேனா எடுத்து வேட்பாளரின் பெயரைத் தன் கையால் எழுத வேண்டும். தெஹ்ரானில் நாடாளுமன்றத்துக்கு 30 இடங்கள். முழுவதையும் நிரப்ப நினைப்பவர் 30 பெயர் எழுத வேண்டும். அதனால் வீட்டிலிருந்தே துண்டுத்தாளில் எழுதிக்கொண்டு வருவார்கள். விரலில் மை வைப்பார்கள். ஷெனாஸ்நாமெ என்ற அடையாளப் புத்தகத்தில் முத்திரை குத்துவது நெடுநாள் வழக்கமாக இருந்தது. முத்திரை இல்லாவிட்டால் அரசு வேலைக்கோ கல்லூரிக்கோ போகும்போது கேள்வி வருமோ என்ற பயத்தில் போய் வெறுஞ்சீட்டைப் போட்டுவிட்டு வந்தவர்களும் உண்டு.

வாக்குக்கு அவர்கள் சொல்வது ரஅய். கண்ணால் பார்ப்பதைக் குறிக்கும் அரபு வேர் அது, பார்வை, கருத்து. நம் வாக்கு வாயிலிருந்து வருகிறது, அவர்கள் ரஅய் கண்ணிலிருந்து. நாடாளுமன்ற உறுப்பினரை வக்கீல் என்றும் சொல்வார்கள். நாம் நீதிமன்றத்தோடு நிறுத்திவிட்ட சொல், "நம் சார்பில் பேசுபவர்" என்ற பழைய பொருளோடு அங்கே சட்டமன்றத்திலும் உயிரோடு இருக்கிறது.

திரள் எவ்வளவு குவிந்தது என்பதை எண்களில் பார்க்கலாம். 1997 மே 23-இல் முகம்மது காத்தமி ஜெயித்தபோது ஏறக்குறைய 80 விழுக்காடு பேர் வந்து வாக்களித்தார்கள். அவருக்கு மட்டும் சுமார் 2 கோடி வாக்கு. இளைஞர்களும் பெண்களும்தான் அந்த வெற்றியைத் தூக்கிக் கொடுத்தவர்கள். பிறகு சில வருடங்களில் பல்கலைக்கழகத்தில் சேர்வோரில் பாதிக்கு மேல் பெண்கள் என்ற நிலையும் வந்தது. 2021-இல் வந்தவர்கள் பாதிக்கும் குறைவு. செல்லாத சீட்டுகள் 37 லட்சம். இரண்டாவதாக வந்த வேட்பாளர் வாங்கியதைவிட அதிகம். இப்ராகிம் ரயீசி ஹெலிகாப்டர் விபத்தில் இறந்தபின் 2024 ஜூனில் நடந்த முதல் சுற்றில் 40 விழுக்காடுதான். ஜூலை 5-இல் இரண்டாம் சுற்றில் கொஞ்சம் கூடி, இதய அறுவை மருத்துவரான மசூத் பெசெஷ்கியான் ஜெயித்தார். வராமல் வீட்டில் இருந்தவர்களையும் ஜும்ஹூரில் சேர்க்க வேண்டுமா என்று அகராதி சொல்லாது.

தமிழில் எழுதுபவருக்கு என் பரிந்துரை: நாட்டின் பெயர் என்றால் இஸ்லாமியக் குடியரசு. ஈரானியர் தங்களுக்குள் "ஜொம்ஹூரியத்தும் எஸ்லாமியத்தும்" என்று எதிரெதிரே வைத்து வாதாடும் இடத்தில் குடியரசுத்தன்மை என்று இழுக்காமல் "மக்கள் பக்கம்", "மார்க்கப் பக்கம்" என்று உடைத்துச் சொன்னால் போதும், புரிந்துவிடும்.

முழக்கத்துக்குத் திரும்பலாம். 2009 ஜனாதிபதித் தேர்தலில் தோற்றதாக அறிவிக்கப்பட்ட மீர் ஹுசைன் மூசவியின் ஆதரவாளர்கள் முடிவை ஏற்காமல் தெருவுக்கு வந்து "ரஅயெ மன் கூ?" என்று கேட்டார்கள். என் வாக்கு எங்கே? அந்த வருடம் பழைய முழக்கத்திலும் ஒரு சொல்லை மாற்றினார்கள்: எஸ்தெக்லால், ஆசாதி, ஜொம்ஹூரியெ ஈரானி. இஸ்லாமிய என்பது போய் ஈரானியக் குடியரசு வந்தது. 2022 செப்டம்பரில், தலைமுக்காட்டைச் சரியாக அணியவில்லை என்று கைது செய்யப்பட்ட மஹ்சா அமீனி காவலில் இறந்தபோது, குர்து மொழியிலிருந்து வந்த முழக்கம் நாடு முழுக்கப் பரவியது: ஸன், ஸெந்தெகி, ஆசாதி. பெண், வாழ்வு, விடுதலை. இந்த மூன்று சொல்லில் ஜொம்ஹூரி இல்லை. 1979, 2009, 2022 மூன்றிலும் மாறாமல் நின்றது ஆசாதி ஒன்றுதான்.