"ஸ்போர்ட்டிவா எடுத்துக்கோ" என்று யாரிடம் சொல்கிறோம்?

போட்டியில் தோற்று முகம் வாடி நிற்கிற பிள்ளையிடம் நாம் முதலில் சொல்வது, "ஸ்போர்ட்டிவா எடுத்துக்கோடா". ஆபீசில் ஒருவரைக் கேலி செய்துவிட்டு, அவர் முகம் மாறினால் அதே வசனம். கல்யாண வீட்டில் மாப்பிள்ளையின் வழுக்கையைப் பற்றி ஜோக் அடித்துவிட்டும் அதேதான். கவனித்துப் பாருங்கள், ஜெயித்தவரிடம் இதை யாரும் சொல்வதில்லை.

நான் உடற்கல்வி ஆசிரியர். விடுமுறை நாட்களில் வாலிபால் போட்டிகளுக்கு நடுவராகவும் போவேன். மைதானத்தில் பார்ப்பதை வைத்துச் சொல்கிறேன்: விளையாட்டுப் பண்பை நாம் தோற்றவன் தலையில் மட்டும் கட்டிவிட்டோம். அது உண்மையில் சோதிக்கப்படுவது, பொய் சொன்னால் ஒரு புள்ளி கிடைக்கும் என்ற நிலையில் இருப்பவனிடம். அந்த இடத்தில் பெரும்பாலும் நிற்பது ஜெயிக்கப்போகிற அணி, கேப்டன், கோச், அப்புறம் பெற்றோர். அதனால் இந்தக் கட்டுரை பிள்ளைகளுக்கு இல்லை, பெரியவர்களுக்கு.

வாலிபாலில் 'டச்' என்று ஒன்று உண்டு. எதிரணி ஸ்மாஷ் அடிக்கிறது. பந்து, அதைத் தடுக்க நெட்டருகே எகிறிய நம் பிளாக்கரின் விரல் நுனியை உரசிக்கொண்டு கோட்டுக்கு வெளியே போய் விழுகிறது. உரசியிருந்தால் புள்ளி அடித்தவர்களுக்கு, உரசாவிட்டால் பிளாக் செய்தவர்களுக்கு. மேலே நிற்கும் நடுவருக்குச் சில நேரம் அது கண்ணில் படாது. பள்ளிப் போட்டிகளில் கேமராவுக்கு எங்கே போவது? பட்டதா இல்லையா என்பது உறுதியாகத் தெரிந்த ஒரே ஆள் அந்தப் பிளாக்கர்தான்.

அந்த நொடியில் பிள்ளைகள் செய்வதைப் பார்க்க வேண்டுமே! சிலர் கையைச் சட்டென்று பின்னால் கொண்டுபோவார்கள். சிலர் குனிந்து ஷூ லேஸைச் சரிசெய்ய ஆரம்பித்துவிடுவார்கள், நடுவர் பக்கமே திரும்ப மாட்டார்கள். சிலர் இரண்டு கையையும் விரித்து "படவே இல்ல சார்" என்று நாடகமே போடுவார்கள். ரொம்பச் சிலர்தான் கையைத் தூக்கி "டச் சார்" என்பார்கள்.

ஒரு மகளிர் பிரிவு ஆட்டத்தில், கடைசி செட்டில் 13-13 என்று இருந்தபோது ஒரு பெண் அப்படிக் கையைத் தூக்கினாள். நான் விசில் ஊதி எதிரணிக்குப் புள்ளி கொடுத்தேன். பெஞ்சிலிருந்து அவளுடைய கோச் கத்தியது என் காதிலும் விழுந்தது: "உன்னை யாரு கேட்டா?" அணி தோற்றது. மறுநாள் மூன்றாம் இடத்துக்கான ஆட்டத்தில் அவளை உட்கார வைத்துவிட்டார்கள். அந்த அணியின் மற்ற பிள்ளைகள் அன்றைக்கு என்ன கற்றுக்கொண்டார்கள் என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. அதே பள்ளியின் சுவரில் விளையாட்டுப் பண்பு பற்றி வாசகம் எழுதியிருந்தாலும் எழுதியிருக்கும்.

சர்வதேச வாலிபால் சம்மேளனம் இந்த விஷயத்தில் உருப்படியான ஒன்றைச் செய்தது. 2023 நேஷன்ஸ் லீக்கில் பச்சை அட்டையைக் கொண்டுவந்தது. தவறு தன்னுடையது என்று தானாக ஒப்புக்கொள்கிற ஆட்டக்காரருக்கு நடுவர் அதைக் காட்டுவார். கபடிக்காரர்கள் குழம்ப வேண்டாம், உங்கள் ஆட்டத்தில் பச்சை என்றால் எச்சரிக்கை. இங்கே அது பாராட்டு. தப்புக்கு அட்டை காட்டியே பழகிய கைக்கு, நல்லதுக்கும் ஒன்று கிடைத்தது.

நஷ்டம் என்று தெரிந்தும் நேர்மையாக நடப்பதற்கு நம் சேப்பாக்கத்திலேயே ஒரு பெரிய உதாரணம் இருக்கிறது. 1987 கிரிக்கெட் உலகக் கோப்பை, அக்டோபர் 9, இந்தியாவும் ஆஸ்திரேலியாவும். மணிந்தர் சிங் போட்ட பந்தை டீன் ஜோன்ஸ் தூக்கி அடித்தார், நான்கு ரன் என்று கொடுக்கப்பட்டது. இல்லை, அது சிக்ஸர் என்று இடைவேளையில் ஆஸ்திரேலிய அணி முறையிட, கேப்டன் கபில் தேவ் ஒத்துக்கொண்டார். 268 என்றிருந்த ஸ்கோர் 270 ஆனது. அப்புறம் ஸ்ரீகாந்த் 70, சித்து 73 என்று அடித்தும், இந்தியா 269 ரன்னில் ஆல் அவுட். கடைசி ஓவரில், ஒரு பந்து மீதம் இருக்கும்போது, அதே மணிந்தர் சிங் போல்டானார். ஒரு ரன்னில் தோல்வி.

"கபில் மேட்சைத் தூக்கிக் கொடுத்துட்டாரு" என்று இன்றும் சொல்கிறவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. பந்து எல்லைக்கோட்டைத் தாண்டி விழுந்தது என்றால் அந்த இரண்டு ரன் எப்போதுமே நம்முடையது இல்லை. நம்முடையது இல்லாததைத் திருப்பிக் கொடுத்ததற்குப் பெயர் தியாகம் இல்லை. இன்னொன்றும் கவனிக்க வேண்டும். அவர் ஒத்துக்கொண்டபோது அது ஒரு ரன்னில் போய் முடியும் என்று யாருக்கும் தெரியாது. விளைவு தெரிந்த பிறகு நல்லவனாக இருக்கலாமா என்று கணக்குப் போடுகிற வசதி மைதானத்தில் கிடைப்பதில்லை.

1980 இல் பம்பாயில் குண்டப்பா விஸ்வநாத் செய்ததும் இதே ரகம். கேட்ச் என்று நடுவர் அவுட் கொடுத்துவிட்ட இங்கிலாந்தின் பாப் டெய்லரை, பந்து மட்டையில் படவில்லை என்று கேப்டன் விஸ்வநாத் திரும்ப அழைத்தார். டெய்லரும் போத்தமும் சேர்ந்து 171 ரன் சேர்த்தார்கள். இந்தியா பத்து விக்கெட் வித்தியாசத்தில் தோற்றது.

சேப்பாக்கத்தைச் சொல்லும்போது 1999 ஐ விட முடியாது. ஜனவரி 31, பாகிஸ்தான் டெஸ்ட். டெண்டுல்கர் 136 அடித்தும் 12 ரன்னில் தோல்வி. அந்தத் தொடருக்கு முன்பே டெல்லி ஆடுகளத்தை எதிர்ப்பாளர்கள் தோண்டிப் போட்டிருந்தார்கள், சூழ்நிலை அப்படி. ஆனால் பாகிஸ்தான் வீரர்கள் மைதானத்தைச் சுற்றி வந்தபோது சென்னை ரசிகர்கள் எழுந்து நின்று கைதட்டினார்கள். பார்க்க வந்தவர்களுக்கும் இதில் பங்கு உண்டு என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி எனக்குத் தெரியாது.

சரி, இனி கொஞ்சம் சண்டைக்கு வருகிறேன். 2019 ஐபிஎல்லில், மார்ச் 25 அன்று ஜெய்ப்பூரில், பந்து போடும் முனையில் நின்று, பந்து போடுமுன் கிரீஸை விட்டு நகர்ந்த பேட்ஸ்மேன் ஜோஸ் பட்லரை நம் அஷ்வின் ரன் அவுட் செய்தார். உலகமே அஷ்வினைத் திட்டியது, விளையாட்டுப் பண்பு போச்சு என்று. கிரீஸை விட்டு முன்னால் நகர்ந்தவரை யாரும் ஒன்றும் சொல்லவில்லை. 1947 இல் சிட்னியில் வினூ மன்கட் பில் பிரவுனை இப்படித்தான் அவுட் செய்தார். அப்போது ஆஸ்திரேலிய கேப்டனாக இருந்த பிராட்மனே மன்கட் பக்கம் நின்றார். இருந்தும் பல வருஷம் அந்தச் செயலுக்கு மன்கட் பெயரையே வசவாக வைத்திருந்தார்கள். கடைசியில் 2022 அக்டோபரிலிருந்து, கிரிக்கெட் விதிகளை வகுக்கும் எம்சிசி இந்த அவுட்டை 'நியாயமற்ற ஆட்டம்' என்ற விதியிலிருந்து எடுத்து, சாதாரண ரன் அவுட் விதிக்குள் வைத்துவிட்டது.

என் கட்சி அஷ்வின் கட்சிதான். விதியை மீறுகிறவனுக்கு ஒரு சலுகை, அதைத் தட்டிக் கேட்பவனுக்கு அவப்பெயர் என்றால் அது பண்பு ஆகாது, பழக்கம். பள்ளி மைதானத்திலும் இதைப் பார்க்கிறேன். நெட்டைத் தொட்ட சீனியரை ஒரு ஜூனியர் சுட்டிக்காட்டினால், "என்னடா, ஸ்போர்ட்டிவா இல்லையே" என்று அந்தச் சின்னப் பையனைத்தான் அடக்குகிறார்கள்.

நடுவர் முடிவை ஏற்பதும் இப்படித் தப்பாகப் புரிந்துகொள்ளப்பட்ட விஷயம்தான். வாய் மூடி இரு என்று எந்த விதிப் புத்தகமும் சொல்லவில்லை. வாலிபாலில் முடிவை மறுத்து வாதாடக் கூடாது, ஆனால் ஆட்டக் கேப்டன் வந்து விளக்கம் கேட்கலாம். விளக்கம் திருப்தி இல்லை என்றால், எதிர்ப்பைப் பதிவு செய்யும் உரிமை தனக்கு வேண்டும் என்று அப்போதே சொல்லிவிட்டு, ஆட்டம் முடிந்ததும் ஸ்கோர் ஷீட்டில் எழுதலாம். எத்தனை பள்ளிக் கேப்டன்களுக்கு இது தெரியும்? கத்துவது அல்லது அழுவது, இந்த இரண்டைத்தான் நாம் கற்றுக்கொடுத்திருக்கிறோம். என்னிடம் கேப்டனாக இருக்கிற பிள்ளைகளுக்கு அந்த வரியை எப்படிக் கேட்பது என்று ஒத்திகையே பார்க்கச் சொல்வேன்: "சார், இந்த முடிவுக்கு விளக்கம் வேண்டும்." மரியாதையாகக் கேட்கத் தெரிந்த பிள்ளை கத்த மாட்டான்.

கேலிக்கும் விளையாட்டுக்கும் உள்ள வித்தியாசத்தையும் சொல்லிவிடுகிறேன். விளையாட்டு என்றால் இரண்டு பக்கமும் சம்மதித்து இறங்குகிறார்கள், விதி ஒன்று இருக்கிறது, விசில் அடித்தால் முடிந்துவிடும். பருமனாக இருக்கிற பெண்ணுக்கு டீமில் ஒரு பட்டப்பெயர் வைத்து வருஷம் முழுக்கக் கூப்பிடுவதில் இந்த மூன்றும் இல்லை. அவள் சம்மதிக்கவில்லை, அது முடிவதும் இல்லை. அதை "ஸ்போர்ட்டிவா" எடுத்துக்கொள்ள வேண்டிய கடமை அவளுக்குக் கிடையாது. என் மைதானத்தில் அந்த வசனத்தை அந்த அர்த்தத்தில் பேசக் கூடாது என்றே வைத்திருக்கிறேன்.

இப்போது பெரியவர்களின் கணக்குக்கு வரலாம். பள்ளிப் போட்டிகளில் 14, 17, 19 வயதுக்குட்பட்டோர் என்று பிரிவுகள். 14 வயதுப் பிரிவில் மீசையைச் சுத்தமாக மழித்துக்கொண்டு வந்து நிற்கிற பையனை உடற்கல்வி ஆசிரியர்கள் எல்லோரும் ஒரு தடவையாவது பார்த்திருப்போம். பிறப்புச் சான்றிதழைத் திருத்துவது அவன் இல்லை. அப்பா, கோச், சில நேரம் பள்ளியே. காரணமும் தெரிந்ததுதான்: குறுவட்டம், மாவட்டம் தாண்டி மாநிலம் வரை போய்ச் சான்றிதழ் வாங்கினால் கல்லூரி இடம், தமிழக அரசு வேலைகளில் விளையாட்டு ஒதுக்கீடு 3 சதவீதம். குடும்பத்தின் வறுமையும் இதில் இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் அந்தப் பொய்யால் இடம் இழக்கிற பையன் பெரும்பாலும் இன்னொரு ஏழை வீட்டுப் பையன்.

அதோடு இது நிலைக்கிற பொய்யும் இல்லை. கிரிக்கெட் வாரியம் 16 வயதுக்குட்பட்ட பையன்களுக்கு இடது மணிக்கட்டை எக்ஸ்ரே எடுத்து, எலும்பு வளர்ச்சியை வைத்து வயதைக் கணிக்கிறது. மாட்டினால் தடை. தாளில் எழுதிய வயதை எலும்பு கேட்காது. பெற்றோரிடம் நான் சொல்வது இதைவிட முக்கியமான ஒன்று. இரண்டு வயது சின்னப் பிள்ளைகளோடு ஆடி ஜெயிக்கிற பையன் உடல் பலத்தில் ஜெயிக்கிறான். அவனுக்கு ஆட்டம் வராது. தன் வயதுக்காரர்களோடு ஆட வேண்டிய இடம் வந்ததும் கதை முடிந்துவிடும்.

பெற்றோர் கோட்டோரம் நின்று கத்துவதைப் பற்றி நிறைய எழுதிவிட்டார்கள், நான் நீட்டவில்லை. ஒன்றே ஒன்று: ஆட்டம் முடிந்து பைக்கில் திரும்பும்போது அலசாதீர்கள். பின்னால் உட்கார்ந்திருக்கிற பிள்ளையால் இறங்கிப் போகவும் முடியாது. பசிக்கிறதா என்று மட்டும் கேளுங்கள். மற்றதை அது தானாகச் சொல்லும், ஒருவேளை மறுநாள் சொல்லும்.

இதையெல்லாம் பிள்ளைகளுக்கு எப்படிப் பழக்குவது என்று சக ஆசிரியர்கள் கேட்பதுண்டு. பிரேயரில் அறிவுரை சொல்லிப் பிரயோஜனம் இல்லை. நான் ஒரு யோசனையை அல்டிமேட் ஃபிரிஸ்பீயிலிருந்து எடுத்துக்கொண்டேன். சென்னைக் கடற்கரைகளில் வட்டத் தட்டை வீசி ஆடுவார்களே, அதுதான். ஆணும் பெண்ணும் ஒரே அணியில் ஆடக்கூடிய அந்த ஆட்டத்தில் நடுவர் பொதுவாகக் கிடையாது. ஃபவுல் என்றால் பட்டவரே சொல்ல வேண்டும், எதிராளி ஒத்துக்கொள்ளலாம், மறுக்கலாம். மறுத்துவிட்டால் பெரும்பாலும் தட்டு வீசினவரிடமே திரும்பப் போகும், ஆட்டம் தொடரும். முடிந்த பிறகு ஒவ்வொரு அணியும் எதிரணிக்கு மதிப்பெண் போடும்: விதி அறிவு, உடல் மோதல், நேர்மையான மனசு, நிதானம், பேச்சு என்று ஐந்து தலைப்பு, ஒவ்வொன்றுக்கும் 0 முதல் 4 வரை.

வாரத்தில் ஒரு நாள் எங்கள் வாலிபால் பயிற்சி ஆட்டத்தில் நான் விசிலைப் பையில் போட்டுவிடுவேன். டச், நெட், கோடு எல்லாவற்றையும் அவர்களே சொல்லிக்கொள்ள வேண்டும். ஒத்துவராவிட்டால் அந்தப் புள்ளியை மறுபடி ஆட வேண்டும், அவ்வளவுதான். ஆரம்பத்தில் ஆட்டத்தைவிடச் சண்டைதான் அதிகம் நடக்கும். எட்டாம் வகுப்புப் பையன்கள் ஒரு புள்ளிக்குப் பத்து நிமிஷம் வழக்காடுவார்கள். மறுபடி மறுபடி ஆடி அலுத்துப்போனதும், யார் சொன்னால் நம்பலாம், யார் எப்போதும் "படல" என்பான் என்பது அவர்களுக்கே தெரிந்துவிடுகிறது. பொய் சொல்கிறவனை அடுத்த வாரம் டீம் பிரிக்கும்போது கடைசியாகத்தான் கூப்பிடுவார்கள். இதில் நான் தலையிடுவதில்லை.